அத்தியாயம் ஏழு: நாலு விரல் நூல்

நாற்பத்து மூன்று மணி நேரம் ஆகியிருந்தது.

திங்கட்கிழமை மதியம் மூன்று மணிக்குத் தோள்பையை மாட்டிக்கொண்டு வீட்டை விட்டுப் போன பெண் திரும்பவில்லை. இப்போது புதன் காலை பத்து. காலையில் ஒன்று, இரவில் ஒன்று என்று இரண்டு இன்சுலின் ஊசியில் உயிர் வாழ்பவள் அவள். திங்கள் காலை போட்டுக்கொண்டதுதான் கடைசி. நான்கு ஊசி தவறிவிட்டது. ஐந்தாவது தவறுவதற்குள் கொண்டு வந்தால் பார்க்கலாம், அதற்குப் பிறகு என்னால் எதுவும் சொல்ல முடியாது என்று மருத்துவர் சொல்லியிருந்தார்.

அதைச் சொல்லிவிட்டு அவளுடைய அண்ணன் குளிர்பெட்டியைத் திறந்து காட்டினார். ஊசி மருந்து அப்படியே இருந்தது. அவர் தையல்காரர். அளவு டேப் கழுத்தில் தொங்கியது. திங்கட்கிழமை தங்கையைத் தேடிக் கிளம்பியவர் அதைக் கழற்ற மறந்திருந்தார். அப்பா அம்மா போன பிறகு அவளைப் பள்ளிக்கூடத்துக்கு அனுப்பியதும், கல்லூரிக்கு அனுப்பியதும், கால் இல்லாத பல்லிகளைப் பற்றி ஆராய்ச்சி செய்யப் போகிறேன் என்றபோது சரி என்று சொன்னதும் அவர்தான்.

"பல்லின்னுதான் சொன்னா. இப்ப பாத்தா பெட்டியில பாம்பு இருக்கு" என்றார்.

பெட்டி, துணி வெட்டும் மேசை மேல் இருந்தது. மூடியில் ஊசித்துளைகள். பக்கத்தில் அருங்காட்சியக ஆய்வகத்தின் சீட்டு. மலைக்குப் போகும் பேருந்தின் கடைசி நிறுத்தத்தில், பெஞ்சுக்கு அடியில் நேற்று மதியம் கிடைத்தது. நடத்துநர் அதைக் காவல் நிலையத்தில் கொடுத்திருக்கிறார். இன்ஸ்பெக்டர் திறந்தார், பார்த்தார், மூடினார். பாம்பு கடத்தும் கும்பலின் வேலை என்று முடிவு செய்து முப்பது பேரை மலைக்கு அனுப்பினார். பெட்டியை நிலையத்தில் வைத்துக்கொள்ள அவருக்கு இஷ்டமில்லை. அண்ணனிடம் கையெழுத்து வாங்கிக்கொண்டு கொடுத்துவிட்டார்.

"திருடன உள்ள வெச்சுக்குவாங்க. பாம்புக்கு மட்டும் ஜாமீன்" என்றார் ஸ்பேனர். அவர் நாற்காலி மேல் ஏறி நின்றுகொண்டிருந்தார்.

ஸ்பேனர் முன்பு மெக்கானிக். லென்ஸைவிட ஆறு வயது பெரியவர், ஆனாலும் அவளை அக்கா என்றுதான் கூப்பிடுவார். லென்ஸ் பதினான்கு வருடம் மூக்குக்கண்ணாடிக் கடை வைத்திருந்தவள். வருகிறவர்கள் உட்காருவதற்குள் பவர் என்ன என்று சொல்லிவிடுவாள். கடையை மூடிவிட்டுக் காணாமல் போனவர்களைத் தேட ஆரம்பித்து நான்கு வருடம் ஆகிறது. பழைய பெயர் மட்டும் போகவில்லை.

அவள் மூடியைத் திறந்தாள். கறுப்பு ஈர மண், கொஞ்சம் இலைச் சருகு. அதன் மேல் பென்சில் பருமனில் ஒன்று கிடந்தது. எண்ணெய் தடவிய மாதிரி மினுமினுப்பு. காலில்லை. பின்பக்கம் மொட்டையாக, புதிதாக முறிந்திருந்தது. லென்ஸ் சட்டைப்பையிலிருந்து பூதக்கண்ணாடியை எடுத்து அதன் முகத்தருகே வைத்தாள். ஒரு நிமிடம் அப்படியே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"ஸ்பேனர், கீழ இறங்குங்க. இது பாம்பு இல்ல."

"அது உங்ககிட்ட சொல்லுச்சா?"

"கண்ணைச் சிமிட்டுச்சு. பாம்புக்கு இமையே கிடையாது. எத்தனை நாள் பாத்தாலும் சிமிட்டாது."

"உங்களப் பாத்துக் கண்ணடிக்குதுன்னா அதுக்குக் கண்ணு சரியில்லன்னு அர்த்தம்" என்று சொல்லிக்கொண்டே ஸ்பேனர் ஒரு காலை மட்டும் கீழே வைத்தார்.

லென்ஸ் சிரிக்கவில்லை. அவள் வேறு எதையோ பார்த்துக்கொண்டிருந்தாள். மண்ணில் வாழும் பிராணி, சுற்றிலும் மண், பயந்து போயிருக்கிறது. ஏன் உள்ளே புதையாமல் மேலேயே கிடக்கிறது? மூக்கால் இரண்டு முறை மண்ணை முட்டியது. உள்ளே போக முடியவில்லை. விட்டுவிட்டது.

பெட்டியின் மூலையில் ஈரப் பஞ்சுச் சுருள் ஒன்று இருந்தது. பிரித்தாள். முறிந்த வால். அதன் நடுவில் நூல் கட்டியிருந்தது. தையல்காரர் அதை வாங்கி விரலில் உருட்டிப் பார்த்தார். இது நான் வாங்குகிற நூல் இல்லை என்றார். மெழுகு ஏற்றிய நூல், தண்ணீரில் கிடந்தாலும் ஊறாது, முடிச்சு நழுவாது. மூன்று சுற்று, ஒரு முடிச்சு. பிறகு தயங்கி ஒன்று சொன்னார்.

"முடிச்சு போட்டப்புறம் நாலு விரல் நூலை மிச்சம் விட்டிருக்காங்கம்மா. எங்க வேலையில ஒட்ட வெட்டிடுவோம். இந்த மிச்சத்துல வேற ஏதோ கட்டறதா இருந்திருக்கு. கட்டல."

லென்ஸ் அவரைப் பார்த்தாள். இரண்டு நாளில் இந்தப் பெட்டியைத் தொட்ட ஆறு பேரில் அதைக் கவனித்தவர் இவர் ஒருவர்தான். கடையைப் பூட்டச் சொன்னாள். மருந்தை ஐஸ் போட்ட ஃபிளாஸ்கில் எடுத்துக்கொள்ளச் சொன்னாள். எங்கே கிடைத்தாலும் அந்த இடத்திலேயே தேவைப்படும்.

ஸ்பேனரின் கார் மூன்றாவது கியரை ஏற்றுக்கொள்ளாது. இரண்டிலேயே போனார்கள். பின்சீட்டில் தையல்காரர் ஃபிளாஸ்கை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டிருந்தார். ஒவ்வொரு சிக்னலிலும் வாட்சைப் பார்த்தார். மலையிலிருந்து இன்ஸ்பெக்டர் ஃபோன் செய்தார். கிழக்குச் சரிவு முழுவதும் பார்த்தாயிற்று, செருப்புத் தடம்கூட இல்லை, மழை வேறு வருகிற மாதிரி இருக்கிறது என்றார். தையல்காரர் ஃபோனை வைத்துவிட்டு ஃபிளாஸ்கின் மூடியை இன்னும் இறுக்கினார்.

அருங்காட்சியகத்தின் அடித்தளத்தில் ஒரு நீளமான அறை. ஜன்னல் கிடையாது. கூரை வரை அலமாரிகள், அலமாரி முழுக்க ஜாடிகள், ஜாடிக்குள் சாராயத்தில் மிதக்கும் உடல்கள். வாசலில் தீயணைப்புக்கு மணல் நிரப்பிய இரண்டு சிவப்பு வாளிகள். மூக்கில் ஏறும் வாசனை. "இங்க மூச்சு விட்டாலே போதை ஏறும் போல" என்று ஸ்பேனர் முணுமுணுத்தார்.

அதைக் காப்பவரை எல்லாரும் ஜாடி சார் என்பார்கள். ஓய்வு பெற இன்னும் இரண்டு வருடம். சட்டைப்பையில் ஏழெட்டு பென்சில்கள். சாராயத்தில் பேனா மை கரைந்துவிடும், பென்சில் கரையாது. காணாமல் போன பெண் மூன்று வருடமாக இந்த அறைக்கு வந்து போகிறவள். தையல்காரரைப் பார்த்ததும் ஜாடி சார் எழுந்து வந்து அவர் கையைப் பிடித்துக்கொண்டார். ஏதாவது தெரிந்ததா என்று கேட்டார். அவர் கண்கள் சிவந்திருந்தன. சாப்பிட்டு இரண்டு நாள் ஆனவர் மாதிரி இருந்தார்.

பெட்டியைத் திறந்ததும் அவர் முகம் மாறியது. அந்தப் பிராணியை இரண்டு விரலால் எடுத்து உள்ளங்கையில் விட்டார். அதற்குப் பிறகு அவரை நிறுத்த முடியவில்லை.

இது அரணைக் குடும்பம் என்றார். கால் இல்லாததை மட்டும் வைத்துக்கொண்டு இனம் பிரிக்கப் போனால் ஏமாந்து போவோம். பாம்பு ஒரு பக்கம் காலை விட்டது. அரணைகளில் பல கிளைகள் தனித்தனியாக விட்டன. புழுப்பல்லிகள் இன்னொரு பக்கம் விட்டன. மண்ணுக்குள் நுழைந்து போகிறவனுக்குக் கால் இடைஞ்சல், அதனால் ஒருவருக்கொருவர் சம்பந்தமில்லாமலே எல்லாரும் விட்டார்கள். ஆகவே இல்லாததைப் பார்க்கக் கூடாது, மிச்சம் இருப்பதைப் பார்க்க வேண்டும். இமை இருக்கிறதா. காதுக்கு ஊசிமுனை அளவாவது ஓட்டை இருக்கிறதா. பிடித்தால் வால் முறிகிறதா. உள்ளே தோள் எலும்பில் ஒரு துண்டாவது மிச்சமா. பாம்புக்கு அந்தத் துண்டும் இருக்காது. நுரையீரலையும் பார்க்கலாம். நீள உடம்புக்குள் இரண்டுக்கு இடமில்லாததால் ஒன்று சிறுத்துவிடும். பாம்புக்கும் அரணைக்கும் இடப்பக்கம் சிறுக்கும். புழுப்பல்லிக்கு வலப்பக்கம்.

"லங்ஸைப் பாத்து சொந்தம் சொல்றீங்க" என்றார் ஸ்பேனர். "எங்க வீட்டுல மூக்கைப் பாத்துச் சொல்லுவாங்க. அதுலயே சண்டை."

ஜாடி சார் புன்னகைத்தார். அலமாரியின் மேல் தட்டிலிருந்து ஒரு ஜாடியை எடுத்து மேசையில் வைத்தார். உள்ளே மூன்று உடல்கள், வெளுத்துப் போய். ஒன்றின் வால் முறிந்திருந்தது. முறிந்த வாலும் அதே ஜாடியில்.

இதே இனம்தான் என்றார். உலகத்தில் இதுவரை மூன்றே மூன்று. இருபத்திரண்டு வருடத்துக்கு முன்னால் மலையிலிருந்து தானே பிடித்து வந்ததாகச் சொன்னார். பேராசிரியர் இதற்கு அந்த மலையின் பெயரையே வைத்தார். அதன் பிறகு யாருக்கும் கிடைக்கவில்லை. அந்தப் பெண் மூன்று வருடமாக மாதம் ஒரு முறை மலைக்குப் போய் வெறும் பெட்டியோடும் காலில் அட்டைக்கடியோடும் திரும்பி வருவாள். இப்போது நான்காவது கிடைத்திருக்கிறது.

"அப்ப மலையிலதான் இருக்கா" என்றார் தையல்காரர்.

ஜாடி சார் தலையாட்டினார். மேல் சரிவில் தேடச் சொல்லுங்கள் என்றார்.

லென்ஸ் ஜாடியைச் சுற்றி வந்தாள். பிறகு அலமாரிகளைப் பார்த்தாள். ஒவ்வொரு ஜாடியிலும் ஒவ்வொரு உடலிலும் நூல். மூன்று சுற்று, ஒரு முடிச்சு, நாலு விரல் மிச்சம். அந்த மிச்சத்தின் நுனியில் ஒரு சின்ன அட்டைச் சீட்டு. எண், ஆணா பெண்ணா, இடம், தேதி, பிடித்தவர் பெயர். முறிந்த வாலுக்கும் தனியாக நூல், தனியாகச் சீட்டு, அதே எண்.

அழகான கட்டு என்றாள். இங்கே படிக்கிற பிள்ளைகள் எல்லாருக்கும் இதைச் சொல்லிக்கொடுப்பீர்களா என்று கேட்டாள்.

"எங்க கத்துக்குறாங்க? ரப்பர் பேண்ட் போடுவாங்க. சாராயத்துல ஒரே மாசத்துல இத்துப் போகும்" என்றார் ஜாடி சார். "நூலுக்கு மெழுகு நானே ஏத்துவேன். முப்பது வருஷமா இந்த ரூம்ல கட்டறது நான் ஒருத்தன்தான்."

"இவர் தங்கச்சி?"

"அந்தப் பொண்ணு கட்டாதும்மா. கொல்லவே கொல்லாது. அளந்து பாத்துட்டு, ஃபோட்டோ எடுத்துட்டு, எடுத்த இடத்துலயே விட்டுடும்."

தையல்காரர் நிமிர்ந்து பார்த்தார். லென்ஸ் அவருக்கு மட்டும் தெரியும்படி தலையை அசைத்தாள். பொறுங்கள் என்று அர்த்தம். ஸ்பேனரிடம் வாசல் காவலாளியிடம் போய் ஒரு வார்த்தை பேசிவிட்டு வரச் சொன்னாள். எதைப் பற்றி என்று ஸ்பேனர் கேட்கவில்லை. நான்கு வருடப் பழக்கம்.

அவள் குனிந்து ஜாடியின் அடியில் பூதக்கண்ணாடியை வைத்தாள். கண்ணாடியின் விளிம்போரம் சில துகள்கள் படிந்திருந்தன. வெளிறிய, உருண்டையான, ஒளி புகும் துகள்கள். செதில் இடுக்கிலிருந்தோ வயிற்றிலிருந்தோ இருபத்திரண்டு வருடத்தில் உதிர்ந்தவை.

"மலையில மண்ணு எப்படி இருக்கும் சார்?"

"கறுப்புக் களி. கல்லு." சொல்லிவிட்டு அவர் நிறுத்திக்கொண்டார்.

லென்ஸ் ஒரு தட்டை எடுத்தாள். வாசலுக்குப் போய்ச் சிவப்பு வாளியிலிருந்து மணலை அள்ளி அதில் கொட்டினாள். ஜாடி சாரின் உள்ளங்கையிலிருந்து பிராணியை மெதுவாக எடுத்து மணல் மேல் விட்டாள்.

அது மூக்கைச் சாய்த்தது. ஒரு நெளிவு. இரண்டாவது நெளிவில் காணவில்லை. மணலில் ஒரு கோடு மட்டும் ஓடி, தட்டின் விளிம்பில் நின்றது.

மேலே எங்கோ பள்ளிப் பிள்ளைகள் வரிசையாக நடக்கும் சத்தம் கேட்டது.

லென்ஸ் தாழ்ந்த குரலில் சொன்னாள். அதன் கீழ்த்தாடை மேல்தாடைக்குள் பதிந்திருக்கிறது, மணலுக்குள் போகும்போது வாய்க்குள் மணல் போகாமல் இருக்க. மூக்கு கரண்டி மாதிரி இருக்கிறது. களிமண்ணில் இதனால் ஒரு அங்குலம் போக முடியாது. பெட்டியில் இரண்டு நாளாக அதைத்தான் செய்துகொண்டிருந்தது. இது மலையில் பிறந்தது இல்லை. இந்த ஜாடியில் இருக்கும் மூன்றும் மலையில் பிறந்தவை இல்லை. சீட்டில் எழுதியிருக்கும் இடம் பொய்.

"யாரோ பெட்டியில இருந்த மணலைக் கொட்டிட்டு, மலை மண்ணைப் போட்டு, மலை பஸ்ஸு நிக்கிற இடத்துல பெட்டிய வெச்சிருக்காங்க. எல்லாரும் மலைக்குப் போகட்டும்னு. அந்த ஆளுக்கு இதைக் கொல்ல மனசு வரல. முறிஞ்ச வாலைத் தூக்கிப் போடவும் மனசு வரல. வாலையும் உடம்பையும் பிரிக்கக் கூடாதுன்னு முப்பது வருஷமா பழகின கை. கட்டிடுச்சு. சீட்டு மட்டும் போடல. போட்டா இடம் எழுதணுமே."

ஸ்பேனர் படியிறங்கி வந்தார். இந்த முறை அவர் முகத்தில் கேலி இல்லை. திங்கட்கிழமை மதியம் ஜாடி சார் அரை நாள் விடுப்பு, பதினொரு வருடத்தில் முதல் அரை நாள், காவலாளிக்கே ஆச்சரியமாம் என்றார்.

ஜாடி சார் உட்கார்ந்தார். நாற்காலி கொஞ்சம் தள்ளியிருந்ததால் விழப்போனார். ஸ்பேனர்தான் பிடித்து உட்கார வைத்தார்.

தையல்காரர் அவர் மேல் பாய்வார் என்று லென்ஸ் எதிர்பார்த்தாள். அவர் பாயவில்லை. அசையாமல் நின்றார். ஃபிளாஸ்கைப் பிடித்த விரல்கள் மட்டும் வெளுத்திருந்தன.

"எங்க?" என்றாள் லென்ஸ்.

ஜாடி சார் அதைச் சொல்லவில்லை. பழைய கதையைத்தான் சொன்னார். நிறுத்தி நிறுத்தி, தரையைப் பார்த்துக்கொண்டு. பத்து நாள் மலைக்குப் போகச் சொல்லி உத்தரவு. மனைவிக்கு அப்போது நிறைமாதம். கல்யாணமாகிப் பத்து வருடம் கழித்து உண்டான பிள்ளை. விடுப்பு கேட்டால் கிடைத்திருக்காது. மலைக்குப் போகிறேன் என்று சொல்லிவிட்டு மனைவியோடு இருந்துவிட்டார். அவள் இருந்த இடத்தில் தண்ணீர் போகக் கால்வாய் வெட்டியபோது மணலில் இந்த மூன்றும் வந்தன. வெறுங்கையோடு திரும்புவதற்குப் பதிலாக மலை என்று எழுதினார். சாதாரண பிராணி என்று நினைத்தார். பேராசிரியர் புது இனம் என்றார். மலையின் பெயரை வைத்தார். அதன் பிறகு எப்படி மாற்றுவது. மாதா மாதம் அந்தப் பெண் வெறும் பெட்டியோடு வந்து நிற்பதைப் பார்க்க முடியவில்லை. திங்கட்கிழமை அவரே அவளைக் கூட்டிக்கொண்டு போனார். பத்து நிமிடத்தில் கிடைத்துவிட்டது. அவள் சந்தோஷப்பட்டாள். பிறகுதான் சீட்டைத் திருத்த வேண்டும் சார், நான் எழுதித்தான் ஆகணும் என்றாள். அவர் கெஞ்சினார். அவள் பின்னால் நகர்ந்தாள்.

"நான் தள்ளலம்மா. சத்தியமா தொடக்கூட இல்ல."

"எங்க?"

அவர் வாயை மூடிக்கொண்டார். இந்தப் பக்கம் மணல் என்றால் கடற்கரைதான், ஆற்றின் முகத்துவாரத்திலிருந்து பன்னிரண்டு மைலுக்கு மணல். வீடுகள், தோப்புகள், குழிகள். ஸ்பேனரின் இரண்டாவது கியரில் அதைத் தேடி முடிக்க ஒரு வாரம் ஆகும். மிரட்டினால் இந்த மனிதர் இன்னும் உள்ளே போய்விடுவார் என்று லென்ஸுக்குத் தோன்றியது. சீட்டு விஷயம் வெளியே தெரிந்துவிட்டது, இனி மறைக்க எதுவும் இல்லை என்பது அவருக்கு இன்னும் உறைக்கவில்லை.

அவள் மேசையின் இழுப்பறையைத் திறந்தாள். சீட்டுக்கட்டு அங்கேதான் இருந்தது. வெற்றுச் சீட்டு ஒன்றை எடுத்து அவர் முன்னால் வைத்தாள். பக்கத்தில் நூல் கட்டிய வாலை வைத்தாள். அவர் சட்டைப்பையிலிருந்தே ஒரு பென்சிலை உருவி அவர் கையில் கொடுத்தாள்.

"சார், நாலாவது வந்திருக்கு. உடம்பு இருக்கு. வால் இருக்கு. நூலும் நீங்களே கட்டிட்டீங்க. சீட்டு இல்லாம உங்க ரூம்ல ஒண்ணு இருக்கலாமா?"

ஜாடி சார் பென்சிலைப் பார்த்தார். வாலைப் பார்த்தார். கை தானாகவே எழுத ஆரம்பித்தது. எண்: நான்கு. ஆணா பெண்ணா: தெரியவில்லை. அடுத்தது இடம். அந்தக் கோட்டைத் தாண்டிப் போனார். தேதி எழுதினார், திங்கட்கிழமையுடையது. பிடித்தவர் என்ற இடத்தில் அந்தப் பெண்ணின் பெயரை முழுசாக, முதலெழுத்தோடு எழுதினார். மறுபடி மேலே வந்தார். இடம் என்ற கோட்டின் மேல் பென்சில் முனை நின்றது. அப்படியே நின்றது. முனை ஒடிந்தது.

தையல்காரர் மேசையருகே வந்தார். ஃபிளாஸ்கை அந்தச் சீட்டுக்குப் பக்கத்தில் வைத்தார்.

"சார், ஐஸ் உருகிட்டே இருக்கு" என்றார்.

ஜாடி சார் நிமிர்ந்து அவரைப் பார்த்தார். அவர்கள் அந்த அறைக்குள் வந்ததிலிருந்து அவர் தையல்காரரின் முகத்தை நேராகப் பார்ப்பது அதுதான் முதல் தடவை.

"என் மாமியார் வீடு" என்றார். "முகத்துவாரத்துக்கு முன்னாடி, கடைசித் தோப்பைத் தாண்டி ஒத்தை வீடு. பச்சைக் கதவு. பூட்டிக் கிடக்கு. பின்பக்கம் தூந்து போன கிணறு. கைப்பிடிச் சுவர் இடிஞ்சு உள்ள விழுந்துட்டா."

ஸ்பேனர் ஏற்கெனவே படியில் இருந்தார். லென்ஸ் இன்ஸ்பெக்டரின் எண்ணை அழுத்திக்கொண்டிருந்தாள். தையல்காரர் ஃபிளாஸ்கை எடுத்துக்கொண்டு திரும்பினார். ஜாடி சார் இன்னும் முடிக்கவில்லை.

"உயிரோடதான் இருக்கா. நேத்து சாயங்காலம் போய் எட்டிப் பாத்தேன். காலடிச் சத்தம் கேட்டிருக்கும் போல. 'மேல யாரு'ன்னு கேட்டா. நான் பதில் சொல்லல."